குண்டாஸ் வழக்கும் ஏ.கே.கோபாலனும்: விசாரணை இல்லாத சிறைக்கு எதிராக இந்தியாவின் முதல் பெரிய வழக்கு போட்டவர் யார்?

வண்ணாரப்பேட்டை, ராயபுரம், காசிமேடு பக்கம் சட்டம் படிக்காதவங்களுக்கும் தெரிந்த சட்டத்தின் பெயர் ஒன்று உண்டு. குண்டாஸ். பையனுக்கு ஜாமீன் கிடைத்துவிட்டது, நாளைக்கு வந்துவிடுவான் என்று வீட்டில் காத்திருக்கும்போது, போலீஸ் கமிஷனர் கையெழுத்துப் போட்ட இன்னொரு உத்தரவு வரும். அதன்பிறகு ஜாமீன் இருந்தாலும் வெளியே வர முடியாது. ஓராண்டு வரை புழல் சிறைதான்.

அந்தக் குடும்பம் அடுத்து போகும் இடமும் ஏரியாவில் எல்லோருக்கும் தெரியும். வண்ணாரப்பேட்டையில் மெட்ரோ ஏறினால் மண்ணடி, அதற்கு அடுத்த ஸ்டேஷன் உயர் நீதிமன்றம். அங்கே போடுவது ஆட்கொணர்வு மனு.

குற்றம் நிரூபிக்கப்படாத ஒருவரை, விசாரணையே இல்லாமல் அரசு உள்ளே வைக்கலாமா? இந்தக் கேள்வியை இந்தியாவின் உச்ச நீதிமன்றம் வரை முதலில் கொண்டுபோனவர்களில் முக்கியமானவர் ஏ.கே.கோபாலன். அவர் வழக்குப் போட்டது அன்றைய சென்னை மாநில அரசு மீது. அந்த வழக்கில் பெரும்பகுதி தோற்றார். ஆனாலும் இன்று உயர் நீதிமன்றத்தில் தாக்கலாகும் ஒவ்வொரு ஆட்கொணர்வு மனுவுக்கும் பின்னால் அந்தத் தோல்விக்கு ஒரு பங்கு இருக்கிறது. எப்படி என்று விரிவாகப் பார்க்கலாம்.

யார் இந்த ஏ.கே.கோபாலன்?

கேரளாவில் ஏ.கே.ஜி என்றால் தெரியாதவர் இல்லை. 1904 அக்டோபர் 1-ம் தேதி கண்ணூர் அருகே பிறந்தவர். அப்போது கேரளா என்று ஒரு மாநிலம் கிடையாது. கண்ணூர் இருந்த மலபார் மாவட்டம் சென்னை மாகாணத்தின் ஒரு பகுதி. அதனால் அவரை ஆண்ட அரசும், அவரைச் சிறையில் போட்ட அரசும், அவர் நீதி கேட்டு வந்த உயர் நீதிமன்றமும் சென்னையில்தான் இருந்தன.

சில ஆண்டுகள் பள்ளி ஆசிரியராக வேலை பார்த்தார். 1930-ல் உப்பு சத்தியாகிரகம் வந்ததும் வேலையை விட்டுவிட்டு இறங்கினார். முதல் சிறைவாசம் அப்போதுதான். அடுத்த ஆண்டே குருவாயூர் கோயிலில் எல்லா சாதியினரையும் அனுமதிக்க வேண்டும் என்று கேளப்பன் தலைமையில் போராட்டம் தொடங்கியது. அதில் தொண்டர் படைத் தலைவர் கோபாலன். கோயில் காவலர்களிடம் அடியும் வாங்கினார்.

காங்கிரஸில் இருந்து காங்கிரஸ் சோசலிஸ்ட் கட்சிக்கும், பிறகு கம்யூனிஸ்ட் கட்சிக்கும் போனார். 1936-ல் வேலையில்லாத் திண்டாட்டத்தையும் பட்டினியையும் அரசுக்குச் சொல்ல, மலபாரில் இருந்து சென்னை வரை ஒரு பட்டினிப் பேரணியை நடத்தி வந்தார். வழிநெடுக ஊர் ஊராகக் கூட்டம் போட்டுக்கொண்டே கால்நடையாக வந்த பயணம் அது.

இரண்டாம் உலகப் போர் காலத்தில் மறுபடியும் கைது. இந்த முறை வேலூர் சிறை. 1941 செப்டம்பரில் தோழர்கள் சிலருடன் சிறைச் சுவரைத் துளைத்துத் தப்பினார். பல ஆண்டுகள் தலைமறைவு வாழ்க்கை.

சுதந்திரம் வந்தது, அவர் உள்ளே இருந்தார்

1947 ஆகஸ்ட் 15 அன்று நாடே கொண்டாடிக்கொண்டு இருந்தபோது கோபாலன் கண்ணூர் சிறையில் இருந்தார். அக்டோபரில்தான் விடுதலை. வெளியே அதிக நாள் இருக்கவில்லை. டிசம்பரில் மறுபடியும் கைது.

பிரிட்டிஷ் அரசு போய் சொந்த அரசு வந்த பிறகும் ஏன் இப்படி? அரசின் தரப்பில் ஒரு பயம் இருந்தது. தெலங்கானாவில் ஆயுதப் போராட்டம் நடந்துகொண்டு இருந்தது. 1948-ல் கம்யூனிஸ்ட் கட்சி, புதிய அரசைக் கவிழ்க்க வேண்டும் என்ற பாதையை எடுத்தது. சென்னை மாகாணத்தில் கட்சிக்குத் தடையும் வந்தது. பொது ஒழுங்கைக் காக்கும் சட்டம் என்ற பெயரில் ஆயிரக்கணக்கானவர்கள் உள்ளே போனார்கள்.

கோபாலன் மீது சாதாரண குற்ற வழக்குகளும் போடப்பட்டன. தண்டனையும் வந்தது. மேல்முறையீட்டில் அவை ரத்தானாலும் அவர் வெளியே வரவில்லை. ஒரு தடுப்புக் காவல் உத்தரவு முடிவதற்குள் அடுத்த உத்தரவு வந்துகொண்டே இருந்தது. ஜாமீன் கிடைத்த பிறகும் குண்டாஸில் உள்ளே இருக்கும் இன்றைய பையனின் நிலைமையும் கிட்டத்தட்ட இதேதான்.

சேலம் சிறையில் 22 பேர்

விசாரணை இல்லாமல் ஆட்களை அடைத்து வைக்கும்போது சிறைக்குள் என்ன நடக்கும் என்பதற்கு அந்தக் காலத்திலேயே ஒரு கொடூரமான உதாரணம் இருக்கிறது.

1950 ஜனவரி 26-ல் அரசியலமைப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. உயிருக்கும் தனிமனித சுதந்திரத்துக்கும் பாதுகாப்பு தரும் 21-வது பிரிவும் அதில் இருந்தது. இரண்டு வாரம் கழித்து, பிப்ரவரி 11 அன்று சேலம் சிறையில் கம்யூனிஸ்ட் கைதிகள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. 22 பேர் செத்துப்போனார்கள். பெரும்பாலானோர் மலபாரில் இருந்து வந்த விவசாயிகள். குடியரசின் வயது அப்போது 16 நாள்.

பெரிய மனித உரிமை மீறல்கள் எப்படித் தொடங்குகின்றன என்று உலகம் முழுவதும் பார்த்தால் ஒரே மாதிரியான காரணங்கள்தான் வரும். அரசுக்கு ஒரு பயம். அந்தப் பயத்தைக் காட்டி அவசரமாக ஒரு சட்டம். உள்ளே போனவர் எங்கே இருக்கிறார், ஏன் இருக்கிறார் என்று யாருக்கும் பதில் சொல்ல வேண்டாத நிலை. கடைசியாக, தப்பு செய்த அதிகாரிக்குத் தண்டனை வராது என்ற நம்பிக்கை. இந்த நான்கும் சேர்ந்த இடத்தில் அடி, சித்திரவதை, மரணம் எல்லாம் பின்னாலேயே வரும்.

ஒரே நாளில் வந்த சட்டம்

சேலம் சம்பவம் நடந்து இரண்டு வாரத்தில், பிப்ரவரி 25 அன்று, தடுப்புக் காவல் மசோதாவை உள்துறை அமைச்சர் சர்தார் படேல் கொண்டுவந்தார். ஒரே நாளில் நிறைவேறியது. ஓராண்டுக்கு மட்டும் என்று சொல்லி வந்த சட்டம், திரும்பத் திரும்ப நீட்டிக்கப்பட்டு 1969 கடைசி வரை ஓடியது.

அந்தச் சட்டத்தின் 14-வது பிரிவுதான் ரொம்ப மோசமானது. ஒருவரை எதற்காகக் காவலில் வைத்தார்கள் என்ற காரணத்தை அவர் நீதிமன்றத்தில்கூட வெளியே சொல்லக் கூடாது. சொன்னால் தண்டனை. காரணத்தை நீதிபதியிடமே சொல்ல முடியாது என்றால், அது நியாயமான காரணமா என்று யார் பார்ப்பது?

கடலூர் சிறையில் இருந்த கோபாலனுக்கு 1950 மார்ச் 1-ம் தேதி இந்தப் புதிய சட்டத்தின் கீழ் உத்தரவு கொடுக்கப்பட்டது. அரசியலமைப்பின் 32-வது பிரிவில் அவர் நேரடியாக உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்.

கோபாலன் எதிர் சென்னை மாநில அரசு

கோபாலனுக்காக வாதாடியவர் எம்.கே.நம்பியார். சென்னை அரசுக்காக அட்வகேட் ஜெனரல் கே.ராஜா ஐயர். மத்திய அரசுக்காக அட்டர்னி ஜெனரல் எம்.சி.செதல்வாட். ஆறு நீதிபதிகள் கேட்டார்கள். புதிய அரசியலமைப்பின் அடிப்படை உரிமைகளுக்கு உச்ச நீதிமன்றம் விரிவாக அர்த்தம் சொன்ன முதல் பெரிய வழக்கு இதுதான்.

கேள்வி பார்க்க எளிமையாகத்தான் இருக்கும். சட்டம் சொல்லும் நடைமுறைப்படி அன்றி ஒருவரின் உயிரையோ சுதந்திரத்தையோ பறிக்கக் கூடாது என்கிறது 21-வது பிரிவு. அந்த நடைமுறை நியாயமானதாக இருக்க வேண்டுமா? இல்லை, நாடாளுமன்றம் எந்த நடைமுறையை எழுதினாலும் போதுமா?

நியாயமாக இருக்க வேண்டும் என்பது கோபாலன் தரப்பு. காரணத்தைச் சொல்லணும், அவர் பக்கத்தைக் கேட்கணும், நடுநிலையான ஒருவர் முடிவு பண்ணணும் என்பது அதன் சாரம்.

1950 மே 19-ல் தீர்ப்பு. பெரும்பான்மை நீதிபதிகள் இதை ஏற்கவில்லை. நாடாளுமன்றம் போட்ட சட்டம் இருக்கிறது, அதன்படி நடந்தால் போதும், அந்தச் சட்டம் நியாயமா என்று 21-வது பிரிவை வைத்து நீதிமன்றம் பார்க்க முடியாது என்றார்கள். நீதிபதி பசல் அலி மாறுபட்டார். ஒருவரின் சுதந்திரத்தைப் பறிக்கும் முன் அவருக்கு நோட்டீஸ், அவர் தரப்பைச் சொல்ல வாய்ப்பு, நடுநிலையான தீர்ப்பாயம், ஒழுங்கான நடைமுறை என நான்கும் வேண்டும் என்பது அவர் எழுதியதன் சுருக்கம். நீதிபதி மகாஜனும் பெரும்பான்மையோடு சேரவில்லை.

கோபாலனுக்குக் கிடைத்த ஒரே வெற்றி 14-வது பிரிவு. காவல் காரணத்தை நீதிமன்றத்திடம் மறைக்கும் அந்தப் பிரிவு செல்லாது என்பதில் ஆறு பேருமே ஒன்றாக நின்றார்கள். சட்டம் தப்பித்தது, ஆளும் வெளியே வரவில்லை. ஆனால் காரணத்தை நீதிபதிக்குக் காட்டியாக வேண்டும் என்பது உறுதியானது. இன்று ஒரு குண்டாஸ் உத்தரவை உயர் நீதிமன்றம் பக்கம் பக்கமாகப் பிரித்துப் பார்க்க முடிவதற்கு இது ஒரு அடித்தளம்.

உச்ச நீதிமன்றத்தில் தோற்றவர், அடுத்த ஆண்டு சென்னை உயர் நீதிமன்றத்தின் வழியாக வெளியே வந்தார். 1952 பொதுத் தேர்தலில் கண்ணூரில் ஜெயித்து நாடாளுமன்றம் போனார். அதன்பிறகு தொடர்ந்து பல முறை எம்.பி. மக்களவையில் கம்யூனிஸ்ட் குழுவின் தலைவர். 1964-ல் கட்சி உடைந்தபோது மார்க்சிஸ்ட் கட்சிப் பக்கம் நின்றார். வேலை இழந்த காபி ஹவுஸ் ஊழியர்களைச் சேர்த்துக் கூட்டுறவுச் சங்கம் தொடங்க வைத்ததிலும் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. நடுவில் 1960-களில் மறுபடியும் விசாரணையில்லாச் சிறை. அப்போதும் உச்ச நீதிமன்றம் போனார்.

அவசரநிலை: சென்னை மத்திய சிறையில் நடந்தது

1975 ஜூன் 25 இரவு அவசரநிலை அறிவிக்கப்பட்டது. மிசா சட்டத்தில் நாடு முழுவதும் எதிர்க்கட்சியினர் உள்ளே போனார்கள். வயதாகி, உடல்நலமும் கெட்டிருந்த கோபாலன் ஜூலையில் மக்களவையில் அவசரநிலையை எதிர்த்துப் பேசினார்.

சென்னைக்கு அதன் முழு சூடு தெரிந்தது 1976-ல். ஜனவரி 31 அன்று திமுக ஆட்சி கலைக்கப்பட்டது. அதைத் தொடர்ந்து அந்தக் கட்சியினரும் மற்றவர்களும் சென்னை மத்திய சிறைக்குக் கொண்டு போகப்பட்டார்கள். சென்ட்ரல் ஸ்டேஷன் பக்கத்தில் இருந்த அந்தச் சிறை இப்போது இல்லை. 2006-ல் கைதிகள் புழலுக்கு மாற்றப்பட்டு, கட்டடமும் பிறகு இடிக்கப்பட்டது.

பிப்ரவரி மாத ஆரம்பத்தில் அந்தச் சிறைக்குள் மிசா கைதிகள் கடுமையாகத் தாக்கப்பட்டார்கள். அதில் அடிபட்டவர்களில் ஒருவர் முன்னாள் சென்னை மேயரும் மக்களவை உறுப்பினருமான சிட்டிபாபு. 1977 ஜனவரியில் அவர் இறந்துபோனார். பிறகு அமைக்கப்பட்ட நீதிபதி எம்.எம்.இஸ்மாயில் விசாரணை ஆணையம், கைதிகள் தாக்கப்பட்டது உண்மை என்று பதிவு செய்தது.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்கணும். விசாரணை ஆணையம் என்பது கோர்ட் கிடையாது. 1952-ம் ஆண்டு சட்டப்படி அது உண்மையைத் தேடலாம், பரிந்துரை செய்யலாம். யாருக்கும் தண்டனை தர முடியாது. உண்மை தெரிவதற்கும் நியாயம் கிடைப்பதற்கும் நடுவில் இன்னும் நிறைய தூரம் இருக்கிறது.

சிறைக்குள் அடி விழுந்த அதே ஆண்டில் கோர்ட் கதவும் மூடியது. 1976 ஏப்ரல் 28 அன்று ஏ.டி.எம். ஜபல்பூர் வழக்கில், அவசரநிலை காலத்தில் காவலில் இருப்பவர் ஆட்கொணர்வு மனு போடவே முடியாது என்று உச்ச நீதிமன்றம் 4-க்கு 1 என்ற கணக்கில் தீர்ப்பளித்தது. எதிர்த்து எழுதிய ஒரே நீதிபதி எச்.ஆர்.கன்னா. பசல் அலி எழுதியதைப் போலவே அதுவும் அன்று எடுபடவில்லை.

1977 மார்ச் 21-ல் அவசரநிலை விலக்கிக்கொள்ளப்பட்டது. அடுத்த நாள், மார்ச் 22 அன்று திருவனந்தபுரத்தில் ஏ.கே.கோபாலன் காலமானார். வயது 72.

தோற்ற வழக்கு ஜெயித்தது எப்படி?

அவர் இறந்து பத்தே மாதம். 1978 ஜனவரி 25 அன்று மேனகா காந்தி வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வழக்கு பாஸ்போர்ட் பற்றியது. ஆனால் தீர்ப்பு அதைவிடப் பெரியது. ஒருவரின் சுதந்திரத்தைப் பறிக்கும் நடைமுறை நியாயமானதாக, நேர்மையானதாக, தன்னிச்சை இல்லாததாக இருக்கணும் என்றது நீதிமன்றம். 28 ஆண்டுக்கு முன் கோபாலன் தரப்பு கேட்டதும் இதைத்தான்.

அதன்பிறகு ஒவ்வொன்றாகக் கதவுகள் திறந்தன.

1978: அரசியலமைப்பின் 44-வது திருத்தம். அவசரநிலை வந்தாலும் 21-வது பிரிவைக் கோர்ட்டில் கேட்கும் உரிமையை நிறுத்தி வைக்க முடியாது என்றானது.

1983: விடுதலையான பிறகும் 14 ஆண்டுகள் சிறையில் வைக்கப்பட்ட பீகார்க்காரர் ஒருவருக்கு அரசு இழப்பீடு தர உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. உரிமை மீறலுக்குப் பணமாகவும் பதில் சொல்லணும் என்ற வழி இங்கே திறந்தது.

1993: மனித உரிமைகள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. தேசிய, மாநில மனித உரிமை ஆணையங்கள் இதன்கீழ் உருவானவை.

1996: டி.கே.பாசு வழக்கு. கைது செய்யும்போது போலீஸ் கடைப்பிடிக்க வேண்டிய 11 விதிகள். பெயர்ப்பட்டை, கைது மெமோ, குடும்பத்துக்குத் தகவல், மருத்துவப் பரிசோதனை எல்லாம் இதில் அடக்கம்.

2017: தனியுரிமை வழக்கில் ஒன்பது நீதிபதிகள் அமர்வு, ஏ.டி.எம். ஜபல்பூர் தீர்ப்பு தவறு என்று ரத்து செய்தது.

அப்படியென்றால் குண்டாஸ் மட்டும் எப்படி இருக்கிறது?

காரணம், அரசியலமைப்பின் 22-வது பிரிவு. கைதானவரை 24 மணி நேரத்தில் மாஜிஸ்ட்ரேட் முன் நிறுத்த வேண்டும், வக்கீல் வைக்கும் உரிமை உண்டு என்று சொல்லும் அதே பிரிவு, தடுப்புக் காவலுக்கு மட்டும் விலக்கு கொடுக்கிறது. கோபாலன் காலத்தில் இருந்த அந்தக் கதவு இன்னும் மூடப்படவில்லை.

தமிழ்நாட்டில் 1982-ம் ஆண்டின் 14-வது சட்டம்தான் குண்டாஸ். கள்ளச்சாராயம், போதைப்பொருள், மணல் கடத்தல், பாலியல் குற்றம் என்று பல வகையினர் மீது போடலாம். தடுப்புக் காவலில் இருப்பவர்களின் எண்ணிக்கையில் தமிழ்நாடு பல ஆண்டுகள் நாட்டிலேயே முன்னணியில் இருந்திருக்கிறது.

ரவுடித்தனத்தால் பாதிக்கப்படும் கடைக்காரருக்கும் குடும்பத்துக்கும் பாதுகாப்பு வேண்டும் என்பதில் சந்தேகமே இல்லை. அதே நேரம் இந்தச் சட்டம் தண்டனைக்காக வந்தது கிடையாது. குற்றம் செய்தார் என்று நிரூபிக்கத் தேவையில்லை. இனிமேல் செய்வார் என்று அதிகாரி திருப்தி அடைந்தாலே போதும். அதனால்தான் ஒவ்வொரு நாள் கணக்கும் முக்கியம்.

உங்களுக்குத் தெரிந்தவர் குண்டாஸில் போனால் கவனிக்க வேண்டியவை:

காவலுக்கான காரணங்களை 5 நாளுக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும். அவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும்.

உத்தரவுக்கு மாநில அரசு 12 நாளுக்குள் ஒப்புதல் தர வேண்டும்.

3 வாரத்துக்குள் ஆலோசனைக் குழுமத்துக்கு அனுப்ப வேண்டும். காவலில் வைத்த நாளில் இருந்து 7 வாரத்துக்குள் குழுமம் அறிக்கை தர வேண்டும். அங்கே வக்கீல் வைத்து வாதாட உரிமை இல்லை.

காவலை எதிர்த்து அரசுக்கு மனு கொடுக்கலாம். அதைத் தாமதம் இல்லாமல் அரசு பரிசீலிக்க வேண்டும். தாமதம், படிக்க முடியாத நகல், மொழிபெயர்ப்பு தராதது போன்ற காரணங்களால் பல உத்தரவுகள் உயர் நீதிமன்றத்தில் ரத்தாகி இருக்கின்றன.

சாதாரண சட்டமே போதுமான இடத்தில் தடுப்புக் காவல் சட்டத்தைப் பயன்படுத்தக் கூடாது என்று, சென்னையில் இருந்து போன ஒரு குண்டாஸ் வழக்கில் 2011-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

காவலில் இருப்பவருக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. உதவி எண் 15100.

காவலில் அடி, சித்திரவதை என்றால் நடந்த ஓராண்டுக்குள் மாநில மனித உரிமை ஆணையத்தில் புகார் கொடுக்கலாம். ஆணையத்தின் பரிந்துரை அரசைக் கட்டுப்படுத்தும் என்று 2021-ல் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு தீர்ப்பளித்தது. காவலில் மரணம் நடந்தால் மாஜிஸ்ட்ரேட் விசாரணை கட்டாயம்.

இன்னும் மிச்சம் இருப்பது

சித்திரவதைக்கு எதிரான ஐ.நா. உடன்படிக்கையில் இந்தியா 1997-ல் கையெழுத்துப் போட்டது. இன்னும் அதை முறைப்படி ஏற்று உறுதி செய்யவில்லை. சித்திரவதையைத் தடுக்கத் தனிச் சட்டமும் கிடையாது. விதிகள் வந்த பிறகும் 2020-ல் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் போலீஸ் காவலில் தாக்கப்பட்டு இறந்ததை நாடே பார்த்தது.

பிரிட்டிஷ் ஆட்சியிலும் சுதந்திர இந்தியாவிலும் கோபாலன் சிறை பார்த்தார். இரண்டிலும் அவர் கேட்டது பெரிய சலுகை ஒன்றும் இல்லை. என்னை ஏன் அடைத்தாய் என்று ஒரு நீதிபதி முன்னால் அரசு பதில் சொல்லணும், அவ்வளவுதான். புழல் வாசலில் மனுவுக்குக் காத்திருக்கும் ஒரு அம்மா இன்று அதே கேள்வியோடு உயர் நீதிமன்றப் படியேறுகிறார். அரசு அதற்குப் பதில் சொல்லியே ஆக வேண்டும் என்ற நிலைமை வருவதற்கு 1950-ல் இருந்து இவ்வளவு காலம் பிடித்திருக்கிறது.